முப்பத்து மூன்றாவது முத்திரை

காலை ஐந்து நாற்பதுக்கு எழுந்தேன். அரிசியைக் களைந்து குக்கரில் வைத்தேன். முகம் கழுவினேன், சவரம் செய்துகொண்டேன். அஸ்திக் கலசத்தின் முன்னால் இருந்த டம்ளரில் நேற்றைய தண்ணீரைக் கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீர் வைத்தேன். சோறு வெந்ததும் முதல் கரண்டியைச் சின்னக் கிண்ணத்தில் எடுத்து டம்ளருக்குப் பக்கத்தில் வைத்தேன். ஒரு ஊதுபத்தி. சிறிய மணியில் ஒரு தட்டு. பிறகு அதே சோற்றைப் பாக்கெட் மிசோ சூப்புடன் நின்றபடியே சாப்பிட்டேன். பாத்திரங்களைக் கழுவிக் கவிழ்த்தேன். கலசம் வீட்டுக்கு வந்த நாளிலிருந்து இதே வரிசைதான். வரிசை மாறினால் அடுத்து என்ன செய்வது என்று தெரியாமல் நின்றுவிடுகிறேன். அதனால் மாற்றுவதில்லை.

ஏழு மணிக்கு மாமியார் அழைத்தார். சாப்பிட்டாயிற்றா என்று கேட்டார். ஆயிற்று என்றேன். மழை வராதாம் என்றார்.

"மூணு மணிக்குக் கதவச் சாத்திடுவாங்க. ஞாபகம் இருக்கில்ல, மாப்பிள்ள?"

"இருக்கு."

"வழியில எங்கயும் நின்னுடாதீங்க."

என் மனைவி மிஸுஹோ செப்டம்பர் முதல் தேதி இறந்தாள். வயது இருபத்தொன்பது. நாளை நாற்பத்தொன்பதாம் நாள். கலசத்தைக் கல்லறைக்குள் வைத்துக் கல்லை மூடுகிறோம்.

எங்களிடம் இரண்டு முத்திரைப் புத்தகங்கள் இருந்தன. இரண்டுக்கும் ஒரே நீலத் துணி அட்டை. எங்கள் பக்கத்தில் கருணைத் தெய்வமான கன்னோனுக்கு முப்பத்து மூன்று கோயில்கள். ஒவ்வொன்றிலும் கும்பிட்டுவிட்டுப் புத்தகத்தை நீட்டினால், தூரிகையால் எழுதிச் சிவப்பு முத்திரை பதித்துத் தருவார்கள். செத்த பிறகு புத்தகத்தையும் சவப்பெட்டியில் வைத்து எரித்தால், போகிற இடத்தில் அதைக் காட்டிக் கதவைத் திறக்கச் சொல்லலாம் என்பார்கள். மிஸுஹோ அதற்காக ஆரம்பிக்கவில்லை. அந்த எழுத்துகள் அவளுக்குப் பிடித்திருந்தன, அவ்வளவுதான்.

பெட்டியை மூடும் முன் புத்தகத்தை எடுத்து வரச் சொன்னார்கள். இழுப்பறையைத் திறந்து ஒன்றை எடுத்து அவள் கைக்குக் கீழே வைத்தேன். தகனம் முடிந்து வீடு திரும்பி இழுப்பறையைத் திறந்தபோது, மிச்சம் இருந்த புத்தகத்தின் முதல் பக்கத்தில் அவள் பெயர் இருந்தது. எரிந்துபோனது என்னுடையது.

உயிரோடு இருப்பவரின் புகைப்படத்தைக்கூடப் பெட்டியில் வைக்கக் கூடாது. வைத்தால் இறந்தவர் அவரையும் கூட்டிக்கொண்டு போய்விடுவார். நானோ என் பெயரெழுதிய புத்தகத்தையே வைத்திருந்தேன். மாமியார் முகம் வெளுத்துவிட்டது. எனக்கு அதில் ஆட்சேபம் ஒன்றும் இல்லை. அதை அவரிடம் சொல்லவில்லை.

அவருக்கு இன்னொரு கவலையும் இருந்தது. "அங்க போய் புத்தகத்த நீட்டுவா. தொறந்து பாத்தா ஆம்பளப் பேரு. உள்ள விடுவாங்களா? பொய்யெல்லாம் அவளுக்குச் சொல்ல வராது."

எங்கள் குடும்பக் கோயில் பூசகரிடம் போய்க் கேட்டார். அவளுடைய புத்தகத்தை நிறைவு செய்து கலசத்தோடு கல்லறையில் வைத்தால் போதும், அவளுக்கும் சரி, எனக்கும் சரி என்று அவர் சொன்னாராம். அன்றிலிருந்து மாமியார் ஓரளவு தூங்குகிறார். அவள் புத்தகத்தில் முப்பத்திரண்டு முத்திரைகள் இருந்தன. பாக்கி ஒன்று, கன்சோஜி. எங்கள் ஒனோமிச்சி மலைச்சரிவில் எல்லாவற்றுக்கும் மேலே இருக்கும் சின்னக் கோயில். கன்னோன் மாடத்தைத் திறப்பது வருடத்தில் இரண்டே நாள், ஏப்ரல் பதினெட்டும் அக்டோபர் பதினெட்டும். அன்றைக்கும் தனியாக வருபவர்களைச் சேர்ப்பதில்லை. வழிகாட்டியோடு வரும் மௌன நடைக் குழுவை மட்டும்தான் உள்ளே விடுவார்கள். மூன்று மணிக்கு மாடத்தை மூடிவிட்டால் அடுத்தது ஏப்ரல். கல்லறையோ நாளைக்கு.

இன்று அக்டோபர் பதினெட்டு.

பன்னிரண்டு மணிக்கு ரயில் நிலையத்தின் முன் கூடினோம். வழிகாட்டி ஹமாகுச்சி அம்மாவுக்கு ஐம்பது வயதிருக்கும். குரலை உயர்த்தவே தெரியாதவர் போலப் பேசினார். விதிகளைச் சொன்னார். படிகளில் பேசக் கூடாது. கோயில்களில் அவர் மட்டும் ஐந்து நிமிடம் பேசுவார். யாரும் முந்தவோ பிந்தவோ கூடாது, குழு ஒன்றாகப் போய் ஒன்றாகத் திரும்பும். கேள்வி இருந்தால் கடைசியில் கேட்கலாம்.

என்னைத் தவிர மூன்று பேர். ஃபுகுயாமாவிலிருந்து இரண்டு சகோதரிகள், அறுபதைத் தாண்டியவர்கள், ஒரே மாதிரித் தொப்பி போட்டிருந்தார்கள். மூன்றாவது ஆள் ஒஸாகாக்காரர், பெயர் ஒகுமுரா. உணவகங்களுக்கு அடுப்பு விற்கிறவராம். பருத்த உடம்பு. விதிகள் அமலுக்கு வருவதற்கு இரண்டு நிமிடம் இருந்தது. அதை அவர் வீணாக்கவில்லை.

"என் பொண்டாட்டிதான் இதுக்குப் பணம் கட்டுனா, தம்பி. தான் வரல. மூணு மணி நேரம் நான் வாயத் தொறக்காம இருந்தேன்னு வழிகாட்டி அம்மாகிட்ட எழுதி வாங்கிட்டு வரணுமாம்."

சகோதரிகளில் இளையவர் சிரித்தார். மூத்தவர் கடிகாரத்தைப் பார்த்தார். நடக்க ஆரம்பித்தோம்.

நான் இந்தச் சரிவில்தான் குடியிருக்கிறேன், இரண்டாம் கோயிலுக்கும் மூன்றாம் கோயிலுக்கும் நடுவில். எங்கள் ஜன்னலுக்குக் கீழே இப்படிப்பட்ட குழுக்கள் போவதைப் பார்த்திருக்கிறேன். கூடவே நடந்தது இதுதான் முதல் தடவை. ஹமாகுச்சி அம்மா தூண்களைக் காட்டினார், கூரை ஓட்டைக் காட்டினார், தீயில் தப்பிய வாசலைக் காட்டினார். எல்லாம் தெரிந்த விஷயங்கள். நான் நேரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முதல் கோயிலை விட்டபோது பன்னிரண்டு முப்பத்தைந்து, இரண்டாவதை விட்டபோது பன்னிரண்டு ஐம்பத்தெட்டு. மூன்றாவதிலிருந்து எங்கள் வீட்டுக் கூரை தெரிந்தது. கொடியில் என் சட்டை ஒன்றே ஒன்று தொங்கியது.

நான்காம் கோயிலின் வாசலில், ஆள் உயரத்துக்கும் மேலாக வைக்கோல் செருப்புகள் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார்கள். கால் பலத்துக்கு அங்கே வேண்டிக்கொள்வது வழக்கம். ஒகுமுரா உண்டியலில் காசு போட்டு நெடுநேரம் கும்பிட்டார்.

ஐந்தாம் கோயிலைத் தாண்டிப் பதினைந்து படிகூட ஏறியிருக்க மாட்டோம், முட்டியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். மணி இரண்டு ஆறு.

முகம் வியர்த்திருந்தது. காலை நீட்டப் பார்த்தார். முடியவில்லை. எழுந்து நிற்கப் பார்த்தார். அதுவும் முடியவில்லை. ஆனாலும் பேசவில்லை. விதியை நினைத்துக்கொண்டு, ஹமாகுச்சி அம்மாவைப் பார்த்துத் தன் வாயைச் சுட்டிக்காட்டினார். பேசலாம் என்று அவர் தலையசைத்தார்.

"செருப்புக்கு நூறு யென் போட்டேன்" என்றார் ஒகுமுரா. "கால் மணி நேரம்கூடத் தாங்கல."

ஹமாகுச்சி அம்மா குனிந்து முட்டியைப் பார்த்தார். பிறகு எங்கள் எல்லோருக்கும் இடுப்பு வளையக் குனிந்து மன்னிப்புக் கேட்டார். அடிபட்டவரை விட்டுவிட்டுத் தான் மேலே வர முடியாது. தான் இல்லாமல் எங்களை அனுப்பவும் முடியாது. அதனால் நடை இத்துடன் முடிகிறது, எல்லோரும் சேர்ந்து இறங்குவோம், கட்டணத்தைத் திருப்பித் தர ஏற்பாடு செய்வேன் என்றார்.

சகோதரிகள் சரி என்று தலையாட்டினார்கள். ஒகுமுரா எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்தார். நான் பையிலிருந்து புத்தகத்தை எடுத்தேன்.

"இது என் மனைவியோடது. ஒரு முத்திரை பாக்கி இருக்கு. நாளைக்கு இது கல்லறைக்குள்ள போகணும்."

நாற்பத்தெட்டு நாளில் அந்நியர்களிடம் நான் பேசிய மிக நீளமான பேச்சு அதுவாகத்தான் இருக்கும். ஹமாகுச்சி அம்மா புத்தகத்தைத் தொடாமல் அதைப் பார்த்துத் தலைகுனிந்தார்.

"உங்க துக்கம் எனக்குப் புரியுது, குரிஹரா சான். ஆனா இவர இப்படியே விட்டுட்டு..."

"விட வேண்டாம். கூட்டிட்டுப் போகலாம்."

நான் கப்பல் கட்டும் நிறுவனத்தில் வரைபடப் பிரிவில் இருக்கிறேன். ஏணிகளும் படிக்கட்டுகளும் என் வேலை. அதனால் கணக்காகவே சொன்னேன். இங்கிருந்து கீழே டாக்ஸி வரும் இடத்துக்கு முந்நூற்றுப் பத்துப் படி. மேலே கன்சோஜிக்கு நூற்று நாற்பத்திரண்டு. கன்சோஜியின் பின்பக்கம் சிறிய லாரி வரும் பாதை இருக்கிறது. இறங்கினாலும் ஏறினாலும் இவரை யாராவது தூக்கித்தான் ஆக வேண்டும். ஏறுவதுதான் பக்கம்.

"யார் தூக்கறது?" என்று கேட்டார் ஹமாகுச்சி அம்மா.

"நான்."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். நான் ஒல்லி. இந்த இரண்டு மாதத்தில் இன்னும் ஒல்லி. இதற்கெல்லாம் இன்சூரன்ஸில் இடமில்லை என்றார். ஒகுமுரா கையை உயர்த்தினார்.

"என் சொந்தப் பொறுப்புல தூக்கச் சொல்றேன்னு எழுதித் தரேன். எங்க கையெழுத்துப் போடணும்?"

ஹமாகுச்சி அம்மாவிடம் அதற்கு ஒரு படிவம் இருந்தது. அவர் அதைத் தேடி எடுத்துக்கொண்டிருந்தபோது நான் இவாஸே வீட்டுக்கு ஓடினேன்.

இவாஸே இந்தச் சரிவில் மண்ணெண்ணெய் போடுகிறவர். வண்டி எதுவும் ஏற முடியாத இடம் இது. மண்ணெண்ணெய் டின், அரிசி மூட்டை, சலவை இயந்திரம் எல்லாம் முதுகில்தான் வர வேண்டும். அதற்கென்று பலகை வைத்த மரச்சட்டம் ஒன்று அவர் வீட்டுச் சுவரில் எப்போதும் மாட்டியிருக்கும். கதவைத் தட்டினேன்.

"ஃப்ரிட்ஜா?" என்றார்.

"ஆள்."

கொஞ்சம் யோசித்தார். "எவ்வளவு கிலோ?"

தெரியாது என்றேன். பட்டைகள் தொண்ணூறு வரை தாங்கும், இடுப்புப் பட்டையை முதலில் கட்டு, தோள் பட்டையை அப்புறம் கட்டு என்றார். அவரே வந்திருப்பார். ஆனால் அவர் முதுகில் போன மாதம்தான் அறுவை சிகிச்சை நடந்திருந்தது.

திரும்பி வந்தபோது மணி இரண்டு பத்தொன்பது. ஒகுமுராவைப் பலகையில் உட்கார வைத்துக் கட்டினோம். அவர் முதுகு என் முதுகோடு, அவர் முகம் பின்பக்கமாக.

"எடை எவ்வளவு?" என்று மூத்த சகோதரி கேட்டார்.

"எண்பத்தெட்டு" என்றார் ஒகுமுரா. "காலைல வெறும் வயித்துல."

சகோதரிகள் இருவரும் இரண்டு பக்கமும் பிடித்துக்கொள்ள, எழுந்து நின்றேன். முதல் படியில் கால் வைத்தபோது, நூற்று நாற்பத்திரண்டு என்று நான் சொன்னது ஒரு வெறும் எண் என்று புரிந்தது. வைத்த காலைப் பின்னால் எடுக்கவில்லை.

பேசக் கூடாது என்ற விதி திரும்பவும் வந்துவிட்டது. ஆனால் எத்தனை ஏறினேன் என்று தெரியாமல் என்னால் ஏற முடியவில்லை. மூச்சோடு மூச்சாக நான் எண்ணுவது ஹமாகுச்சி அம்மாவுக்குக் கேட்டிருக்க வேண்டும். "எண்ணலாம்" என்றார் தாழ்ந்த குரலில். "எண்ணறது பேச்சு இல்ல." அதன் பிறகு எல்லோரும் எண்ணினார்கள். இருபது வந்ததும் நின்றேன். சட்டத்தின் அடியைப் படிச் சுவரில் சாய்த்து முப்பது விநாடி. மறுபடி இருபது. மறுபடி சாய்ப்பு. தோளில் பட்டை இறங்கிய இடம் முதலில் எரிந்தது, பிறகு மரத்துப்போனது. அது பரவாயில்லை. மரத்துப்போனது எனக்குப் பழக்கம்தான்.

எழுபத்தெட்டில் இடது கால் மடங்கியது. முட்டி கல்லில் இடித்துக் கால்சட்டை கிழிந்தது. சகோதரிகள் சட்டத்தை இழுத்துப் பிடித்தார்கள்.

"தம்பி, இறக்கி விடுங்க" என்றார் ஒகுமுரா. "செத்துகித்து வச்சிடாதீங்க."

"எழுபத்தொன்பது" என்றேன்.

அதற்குப் பிறகு அவர் எண்ணுவதைத் தவிர வேறு எதற்கும் வாய் திறக்கவில்லை. நூற்றுப் பத்தில் மட்டும் ஒருமுறை, தனக்குத்தானே சொல்லிக்கொள்வதுபோல, கடல் இங்கிருந்து நன்றாகத் தெரிகிறது என்றார். எனக்கு என் கால்விரலும் அடுத்த படியும்தான் தெரிந்தன.

நூற்று நாற்பத்திரண்டு. மணி இரண்டு ஐம்பத்தொன்று.

அவரைத் திண்டில் இறக்கி வைத்துவிட்டு நேராக மாடத்துக்குப் போனேன். கும்பிடாமல் முத்திரை வாங்கக் கூடாது. கன்னோன் இடுப்பளவு உயரம். கறுத்த மரம். இடது கையில் மூன்று விரல்கள் மட்டும் வெளுத்த வேறு மரம். பழைய விரல்கள் உடைந்த பின் யாரோ செய்து பொருத்தியவை. கை கூப்பினேன். ஒன்றும் கேட்கத் தோன்றவில்லை. இருந்தாலும் குனிந்து எழும் அளவுக்கு நின்றேன்.

பக்கத்தில் தாழ்ந்த மேசையின் முன் கன்சோஜி பூசகரின் மனைவி தூரிகையோடு உட்கார்ந்திருந்தார். புத்தகத்தை இரண்டு கையாலும் நீட்டினேன். முதல் பக்கத்தைத் திருப்பினார்.

"மிஸுஹோங்கறது?"

"என் மனைவி. இறந்துட்டாங்க."

அவர் தூரிகையை வைத்துவிட்டு ஒரு காகிதச் சீட்டை எடுத்தார். இறந்தவருக்காக முத்திரை வாங்க வருகிறவர் அதை நிரப்பிக் கன்னோனின் காலடிப் பெட்டியில் போட வேண்டும். பெயர், வயது, ஊர், வேண்டுதல்.

"வேண்டுதல்ல உங்களோடத எழுதக் கூடாது. இங்க வழக்கம் அப்படி. அவங்க கடைசியா வாயால என்ன சொன்னாங்களோ, அத அப்படியே எழுதணும்."

எழுதினேன். எல்லோருக்கும் நன்றி. இறுதிச் சடங்கில் வந்தவர்களிடம் அதைத்தான் சொல்லியிருந்தேன். மாமியாரிடமும் அதைத்தான்.

அவர் சீட்டை வாங்கிப் படித்தார். என் கிழிந்த கால்சட்டையைப் பார்த்தார்.

"இதத்தான் சொன்னாங்களா?"

நான் பேனாவை மேசையில் வைத்தேன்.

"பெட்டி முழுக்க நன்றிதான் கெடக்கு" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. "சாகப் போறோம்னு தெரியாதவங்ககூட நன்றி சொல்லிட்டுத்தான் போயிருக்காங்க. அதிசயமா இருக்கும்."

இன்னொரு சீட்டை என் முன்னால் வைத்தார். பூசகர் மாடக் கதவின் ஒரு பாதியைப் பிடித்தபடி நின்றார். மணி இரண்டு ஐம்பத்தாறு. பேனாவை எடுத்தேன். அவள் சொன்னதை எழுதினேன். ஒரு வரிக்குத்தான் இடம் இருந்தது, இரண்டு வரி ஆயிற்று.

இந்த முறை அவர் படித்துவிட்டு எதுவும் கேட்கவில்லை. சீட்டை மடித்துத் தானே பெட்டியில் போட்டார். முப்பத்து மூன்றாவது பக்கத்தை விரித்து, மூச்சை இழுத்து, ஒரே ஓட்டத்தில் எழுதினார். சிவப்பு முத்திரையை இரண்டு கையாலும் அழுத்தினார். மை உறிஞ்சும் தாளை வைத்துத் தடவினார். பூசகர் மாடத்தை மூடினார். மூன்று மணி.

ஒகுமுராவைப் பின்பக்கப் பாதைக்கு வந்த சிறிய லாரியில் ஏற்றினார்கள். கிளம்பும்போது அவர் ஹமாகுச்சி அம்மாவிடம் எழுத்துமூலமான சான்று கேட்டார். எழுபத்தெட்டாம் படியில் பேசிவிட்டீர்களே என்றார் அவர். அந்தப் பேச்சு ஆபத்துக் காலத்துப் பேச்சு என்று வாதாடிக்கொண்டே போனார்.

நான் கோயில் படியில் உட்கார்ந்து மாமியாரை அழைத்தேன். முதல் மணியிலேயே எடுத்தார்.

"கெடச்சுதா?"

"கெடச்சுது."

மறுமுனையில் மூச்சு விடுவது கேட்டது. அவர் அழட்டும் என்று காத்திருந்தேன். பிறகு, ஒன்று சொல்ல வேண்டும் என்றேன். கடைசியாக அவள் நன்றி சொன்னதாக நான் சொன்னது நிஜமில்லை என்றேன். நானாகச் சேர்த்தது.

அப்போ என்னதான் சொன்னாள் என்று கேட்டார்.

சொன்னேன். ஏப்ரல் பதினெட்டு வேலை நாளாக இருந்தது, கப்பலை ஒப்படைக்கும் வாரம். கன்சோஜிக்குப் போகலாம் என்றாள். மேலதிகாரியிடம் லீவு கேட்க எனக்கு வாய் வரவில்லை. அவள் தனியாகவும் போகவில்லை. ஆகஸ்டு கடைசியில் பரிசோதனைக்காக மருத்துவமனையில் சேர்த்தோம். மூன்று நாளில் வீட்டுக்கு அனுப்புவதாக இருந்தார்கள். முப்பத்தொன்றாம் தேதி இரவு எட்டு மணிக்குப் பார்வை நேரம் முடிந்தது. நான் குனிந்து காலணி போட்டுக்கொண்டிருந்தேன். அவள் படுக்கையில் எழுந்து உட்கார்ந்து, சுவரில் இருந்த மருந்துக் கம்பெனி நாட்காட்டியில் தாளைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தாள். நான் நிமிரவில்லை, ம் என்று மட்டும் சொன்னேன். விடியற்காலையில் மருத்துவமனையிலிருந்து போன் வந்தது.

அவள் சொன்னது இது:

"அக்டோபர்ல பதினெட்டு சனிக்கிழமைல வருது. இந்தத் தடவ நீ யார்கிட்டயும் லீவு கேக்க வேண்டாம்."